அட்டைப்படத்தில் ஒரு பற்றை



"என்ன அண்ணை, அட்டைக்கு வேற படம் கிடைக்கேல்லையோ? பத்தையைப் போட்டிருக்கிறியள்."

இதழை வடிவமைக்கும் தம்பி, படத்தைக் கணினியில் ஏற்றும்போதே இப்படிக் கேட்டுவிட்டார். உங்களில் பலரும் அதே கேள்வியோடுதான் இந்தப் பக்கத்தைப் புரட்டியிருப்பீர்கள். போன முறை தாமரை, அதற்கு முன்னர் கோயில் தேர், இந்த முறை பற்றையா என்று.

பற்றைதான், மறைக்க ஒன்றுமில்லை. மாங்குளச் சந்தியில் ஏ9 வீதியை விட்டு மேற்கே திரும்பி மல்லாவிக்கு வருகிற எவரும் அதைக் காணாமல் வரமுடியாது. வீதியோரக் கிறவல் மேட்டிலும் மதகடியிலும் யாரும் வந்து குடியேறாத காணிகளின் ஓரத்திலும் மஞ்சள் மஞ்சளாகப் பூத்து நிற்கும் ஆவரசு. தமிழ்நாட்டில் ஆவாரை என்பார்கள், சங்கப் புலவர்களுக்கு ஆவிரை, சிங்களத்தில் ரணவரா. யோகபுரத்திலும் பாலிநகரிலும் துணுக்காயிலும் கொல்லவிளாங்குளத்திலும் வளர்ந்த பிள்ளை ஒன்று அதன் பெயர் தெரியாமல் இருக்கலாம், ஆனால் அந்தப் பூவைப் பிடுங்கி விளையாடாமல் இருந்திருக்காது.

பெயர் தெரிந்தவர்களும் ஆளை மாறிப் பிடிப்பதுண்டு. மாரி மழையோடு வளவெங்கும் முளைக்கிற தகரையும் இதன் இனம்தான். அதன் இளங்கொழுந்தை வறை செய்து சாப்பிட்டவர்கள் எங்களில் நிறையப்பேர். பொன்னாவரசும் இதே இனம். அது அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்து இங்கே பரவிய செடி. மூன்றும் மஞ்சளாகத்தான் பூக்கும். ஆவரசைச் சரியாக அடையாளம் காண இலைக்காம்பின் அடியைப் பாருங்கள். காம்பு தண்டோடு சேருமிடத்தில், காது மடல் போல வட்டமாக ஓர் இலைச்செதில் உதிராமல் ஒட்டிக்கொண்டிருக்கும். ஒவ்வொரு இலையிலும் எட்டு முதல் பன்னிரண்டு சோடிச் சிற்றிலைகள் இருக்கும். காய் தட்டையானது, முற்றினால் கடதாசி போலச் சரசரக்கும். செடி ஓர் ஆள் உயரம், நல்ல இடமென்றால் இன்னும் கொஞ்சம் கூட. லின்னேயஸ் 1753 இல் இதற்கு இட்ட இலத்தீன் பெயரிலும் அந்தக் காதுதான் இருக்கிறது. காசியா ஓரிகுலாட்டா என்று அவர் எழுதியதை இப்போதைய தாவரவியலார் செனா ஓரிகுலாட்டா என்கிறார்கள். அதே லின்னேயஸ் 1747 இல் இலங்கைத் தாவரங்களுக்கென்றே ஒரு நூல் எழுதியவர். இலங்கைக்கு அவர் வரவேயில்லை. 1670களில் ஒல்லாந்தக் கம்பனியின் வைத்தியராக இங்கே இருந்த பவுல் ஹெர்மன் சேர்த்துக்கொண்டு போன உலர்ந்த செடிகளை மேசையில் வைத்துக்கொண்டே எழுதினார்.

பூவைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல ஆசை. ஆவரசம்பூவில் தேன் கிடையாது. ஒரு துளி கூட இல்லை. இவ்வளவு பெரிய மஞ்சள் பூ, உள்ளே வெறும் பந்தல். அப்படியிருந்தும் காலையில் ஒரு செடியடியில் போய் நின்றால் கருவண்டுகள் வந்தபடி இருக்கும். வீட்டு வளையிலும் கப்பிலும் துளைபோட்டு எங்களிடம் திட்டு வாங்குகிற அதே கருவண்டுதான். அது வருவது மகரந்தத்துக்கு. இந்தப் பூவின் மகரந்தப் பை மற்றப் பூக்களைப் போலப் பிளந்து கொட்டாது. நுனியில் சின்னத் துளை மட்டும் இருக்கும். வண்டு பூவைக் காலால் இறுகப் பிடித்துக்கொண்டு, சிறகை விரிக்காமலே நெஞ்சுத் தசையை அதிரவிடும். அந்த அதிர்வில் துளை வழியாக மகரந்தம் பீச்சிக்கொண்டு வெளியே வரும். கிட்டப் போய்க் காது கொடுத்தால், பறக்கும்போது கேட்கிற ரீங்காரத்தை விடக் கூர்மையான ஒரு "ங்ஙீ" கேட்கும். தேனீயால் இந்த வித்தையைச் செய்ய முடியாது. அதனால் தேனீப் பெட்டி வைத்திருப்பவர்கள் ஆவரசை நம்பி இருக்கவேண்டாம்.

பூவின் சாமர்த்தியம் இன்னொன்று. பத்துக் கேசரங்களில் மேலே இருக்கும் மூன்று வெறும் மலடு. நடுவில் உள்ள குட்டையானவை வண்டுக்குச் சாப்பாடு. கீழே வளைந்து நீண்டு நிற்பவைதான் செடியின் சொந்த வேலைக்கு. வண்டு நடுவில் சாப்பாட்டை அள்ளிக்கொண்டிருக்கும்போது நீண்டவை அதன் உடம்பின் பின்பக்கமாக மகரந்தத்தைத் தூவிவிடும். அங்கே வண்டின் கால் எட்டாது, துடைத்து எடுத்துக்கொள்ள முடியாது. அடுத்த பூவின் சூல்தண்டில் போய்த்தான் அது ஒட்டும். கல்யாண வீட்டில் சாப்பாடு போட்டுவிட்டு மொய்க் கொப்பியோடு வாசலில் ஆளை நிறுத்துகிறவர்களுக்கு இது புதிதாக இராது.

"ஆவரசும் அவரைக் குடும்பம்தானே, அப்படியென்றால் மண்ணுக்கு நைதரசன் சேர்க்கும்தானே?" என்று உயர்தரத்தில் விவசாய விஞ்ஞானம் படிக்கும் மாணவி ஒருத்தி எங்களுக்கு எழுதியிருந்தாள். நல்ல கேள்வி. பயறும் உழுந்தும் நிலக்கடலையும் வேர்முடிச்சுக் கட்டும். எங்கள் பழைய கமக்காரர் வயலுக்கும் தோட்டத்துக்கும் தாழ்த்திய காவிளாயும் கட்டும். ஆவரசு சேர்ந்த செனா இனம் கட்டாது. குடும்பத்தில் எல்லோரும் சம்பாதிக்க வேண்டும் என்று சட்டமா? ஆனால் அதன் குழை நல்ல பசளைதான். ஆழ வேரோடி, கிறவலுக்குக் கீழே கிடக்கிறதை இழுத்து இலையில் வைத்திருக்கும். குழை தாழ்த்தினால் அது மேல்மண்ணுக்கு வந்துவிடும். பிள்ளை, சோதனையில் இந்தக் கேள்வி வந்தால் "எல்லா அவரையினமும்" என்று எழுதிவிடாதே.

மாடு இதைத் தின்னாது. வேறு ஒன்றும் அகப்படாத காலத்தில் ஆடு கொஞ்சம் கடிக்கும், அவ்வளவுதான். கட்டாக்காலி மாடுகள் இவ்வளவு திரிகிற எங்கள் பிரதேசத்தில், வேலியும் காவலும் இல்லாமல் ஒரு செடி வீதியோரத்தில் நின்று பூப்பதற்கு அதுதான் காரணம். ஆனால் இலை வீணாகப் போவதில்லை. வெளிர்பச்சை, மஞ்சள் வண்ணத்துப்பூச்சிகளில் சில இனங்கள் செனா இனச் செடிகளிலேயே முட்டையிடும். அவற்றின் புழுக்களுக்கு இந்த இலைகள்தான் சாப்பாடு. ஆண்டின் முற்பகுதியில் கூட்டங்கூட்டமாகப் பறந்துபோகும் வண்ணத்துப்பூச்சிகளைப் பார்த்து, சிவனொளிபாதமலைக்கு யாத்திரை போகின்றன என்று தெற்கில் சொல்வார்கள். அந்தக் கூட்டத்தில் பெரும்பங்கு இந்த இனங்கள்.

இனி இந்தப் பற்றையை நான் அட்டைக்குக் கொண்டுவந்ததன் காரணத்துக்கு வருகிறேன்.

2008 நடுப்பகுதியில் யுத்தம் நெருங்கிவர, மல்லாவியை விட்டு எல்லோரும் வெளிக்கிட்டோம். 1950களில் வவுனிக்குளம் திருத்தப்பட்டு, பாலியாற்றுத் தண்ணீரை நம்பிக் காடு வெட்டிக் குடியேறிய குடும்பங்களின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும், 1990களில் வேறு இடங்களிலிருந்து இடம்பெயர்ந்து வந்து எங்களோடு இருந்தவர்களும் ஒன்றாகவே போனோம். 2009 இறுதியில் மீள்குடியேற்றம் தொடங்கித் திரும்பி வந்தபோது வீட்டைத் தேட முன்னர் வளவைத் தேட வேண்டியிருந்தது. நாயுண்ணியும் எருக்கலையும் ஆவரசும் கிணற்றுக்கட்டு வரை மூடிக்கிடந்தன. பற்றை என்றால் அப்போது பயம். பாம்புக்கு மட்டுமல்ல, மிதிவெடிக்கும்தான்; மண்டையோட்டுப் பலகை நட்டிருந்த பக்கம் யாரும் கால் வைக்கவில்லை, நடாத பக்கத்திலும் தடி தட்டித்தான் நடந்தோம். வெட்டினோம், எரித்தோம், டோசர் கிடைத்தவர்கள் வழித்துத் தள்ளினார்கள். அன்றைக்கு அது சரி. இன்றைக்கும் அதைத் தவறென்று சொல்லமாட்டேன்.

ஆவரசு பூத்திருக்கும் இடத்தில் சாவே இல்லை என்ற பொருளில் ஒரு பழமொழி தமிழில் உண்டு. ஆவரசைப் பற்றி எழுதுகிற எல்லோரும் அதில்தான் தொடங்குவார்கள். இந்தப் பக்கத்தில் அதை நான் எழுதவில்லை. வன்னியில் இருந்துகொண்டு அதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

ஆனால் மீள்குடியேற்றம் நடந்து இத்தனை வருடமாகியும் எங்கள் கையிலிருந்த கத்தி இன்னும் கீழே வைக்கப்படவில்லை என்பதுதான் என் மனக்குறை. சிரமதானம் என்றால் பற்றை வெட்டு. டெங்கு ஒழிப்பு என்றால் பற்றை வெட்டு. விழா, திறப்பு, விருந்தினர் வருகை, எல்லாவற்றுக்கும் பெக்கோ ஒன்று வந்து வீதியோரத்தை உரித்துவிட்டுப் போகும். நுளம்பு பெருகுவது சிரட்டையிலும் ரயரிலும் தேங்கிய தண்ணீரில். கிறவல் மேட்டில் நிற்கும் ஆவரசுக்கு அதில் பங்கில்லை. உரித்த இடத்தில் அடுத்த மாரிக்கு முளைப்பது என்னவென்று பார்த்திருக்கிறீர்களா? நாயுண்ணி. வெளியிலிருந்து வந்த அந்தச் செடிக்கு உரித்த மண் போல வாய்ப்பான இடம் வேறில்லை. நாங்களே பாய் விரித்துக் கொடுக்கிறோம்.

ஒரு விலக்குச் சொல்லவேண்டும். குளக்கட்டில் வளர்வதை வெட்டத்தான் வேண்டும். மரத்தன்மையுள்ள எந்தச் செடியின் வேரும் கட்டுக்குக் கூடாது; அதில் கமக்காரர் அமைப்புகள் சொல்வதே சரி. வீதியின் திருப்பத்தில் பார்வையை மறைப்பதையும் விடமுடியாது. மிச்சத்தைப் பற்றித்தான் பேசுகிறேன்.

அரிதான மரம் என்றால் சட்டம் இருக்கிறது, பலகை நடுகிறார்கள். பாலையையும் முதிரையையும் வெட்டினால் பிடிப்பதற்கு ஆள் இருக்கிறது. கார்த்திகைப்பூவுக்கு வேறு காரணங்களுக்காக ஒரு மதிப்பு இருக்கிறது. எங்கும் கிடைக்கிற ஆவரசுக்காகப் பேச யாருமில்லை. எங்கும் கிடைக்கும்வரை அப்படித்தான்.

தெலங்கானாவைப் பாருங்கள். 2014 இல் தனி மாநிலமானபோது அவர்கள் தங்கள் மாநிலப் பூவாகத் தெரிந்தெடுத்தது இதைத்தான். அங்கே அதன் பெயர் தங்கேடு. எங்கள் வீடுகளில் நவராத்திரிக்குக் கும்பம் வைக்கும் நாட்களை ஒட்டி அங்கே பத்துக்கம்மா என்று ஒன்பது நாள் திருவிழா. பெண்கள் தங்கேடும் வேறு காட்டுப் பூக்களும் பறித்து, தட்டில் கோபுரம்போல அடுக்கி, சுற்றிக் கும்மியடித்துப் பாடி, கடைசியில் குளத்தில் கொண்டுபோய் விடுவார்கள். தமிழ்நாட்டின் கொங்குப் பக்கத்தில் பொங்கலுக்கு முதல்நாள் வீட்டுக் கூரையில் வேப்பிலையோடும் பூளைப்பூவோடும் சேர்த்து ஆவாரம்பூவைக் காப்பாகக் கட்டுவார்கள். இன்னும் பின்னால் போனால், காதலி கிடைக்காத இளைஞன் பனை மடலில் குதிரை செய்து ஏறி ஊர்த் தெருவில் வரும்போது அந்தக் குதிரைக்கு ஆவிரம்பூ மாலை சூட்டியிருந்ததாகச் சங்கப் பாடல்கள் சொல்கின்றன. பனை மடலுக்கும் ஆவரசுக்கும் எங்கள் ஊரில் பஞ்சமில்லை என்பதை இளைஞர்களுக்கு நினைவூட்டுகிறேன். கருக்கு வெட்டும், கவனம்.

இந்தச் செடிக்குப் பெரிய ஆபத்து வந்தது பூவால் அல்ல, பட்டையால். ஆவாரம்பட்டையில் துவர்ப்பொருள் நிறைய. தோலைப் பதனிட அதைப்போல வேறில்லை என்று தென்னிந்தியத் தோல் சாலைகள் நெடுங்காலம் அதையே பாவித்தன. சென்னைத் துறைமுகத்தால் இங்கிலாந்துக்குப் போன பதனிட்ட தோலில் ஆவாரம்பட்டையின் நிறம் இருந்தது. பிறகு தென்னாபிரிக்காவிலிருந்து வாட்டில் மரப்பட்டை வந்தது. 1903 இல் அல்பிரட் சாட்டர்டன் என்ற அதிகாரி சென்னையில் குரோமிய முறையைச் சோதித்துப் பார்க்கத் தொடங்கினார். ஆவரசு பிழைத்துக்கொண்டது. ஆறு பிழைக்கவில்லை. வேலூர்ப் பக்கத்துத் தோல் சாலைகளின் கழிவு பாலாற்றுக் கரை மண்ணையும் கிணறுகளையும் கெடுத்த வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் 1996 இல் தீர்ப்புச் சொன்னது. அது பாலாறு, எங்களுடையது பாலியாறு. பெயர்தான் கிட்ட.

கடைசியாக, நீங்கள் எதிர்பார்த்திருக்கிற சங்கதி. ஆவரசந் தேத்தண்ணி.

பூவைப் பறித்து நிழலில் உலர்த்தி, கொதிக்கிற தண்ணீரில் ஒரு சிட்டிகை போட்டு மூடி வைத்து வடித்தால் வெளிர்ந்த பொன்னிறத்தில் வரும். வாசம் கொஞ்சம் வைக்கோலைப் போல. அனுராதபுரத்துக்குப் போனவர்கள் வழியோரக் கடைகளில் பெலிமலும் ரணவராவும் குடித்திருப்பீர்கள், அதே ரணவராதான். மருந்துக் கடையிலும் பல்பொருள் அங்காடியிலும் பெட்டியில் அடைத்து விற்கிறார்கள். வீட்டு வாசலில் நின்றதை வெட்டி எரித்துவிட்டு அதையே காசு கொடுத்து வாங்கிக்கொண்டு வருகிறவர்களை எனக்குத் தெரியும், பெயர் சொல்லமாட்டேன். சீனி வருத்தத்துக்கு நல்லதென்று குடிக்கிற சில அப்புமார் அதைப் பனங்கட்டி கடித்துக்கொண்டு குடிப்பதையும் கண்டிருக்கிறேன். அதற்கு என்ன சொல்ல.

நல்லதா? 2002 இல் அண்ணாமலைப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் நீரிழிவு உண்டாக்கிய எலிகளுக்குப் பூச்சாற்றைக் கொடுத்து, இரத்தச் சீனி இறங்கியதாக எழுதினார்கள். எலிக்கு இறங்கியது ஒரு நல்ல சேதி. அதைக் கையில் வைத்துக்கொண்டு கிளினிக் கொப்பியைத் தூக்கி எறிய முடியாது. இன்னொரு ஆய்வு எங்கள் நாட்டிலேயே நடந்தது, 2004 இல் வெளிவந்தது. வலிப்புக்குக் கொடுக்கும் கார்பமசெப்பின் மருந்தோடு சேர்த்து ஆவரசந் தேத்தண்ணியும் எலிகளுக்குக் கொடுத்துப் பார்த்தார்கள். இரத்தத்தில் மருந்தின் அளவு ஏறத்தாழ அரைவாசி கூடிப்போனது. முடக்கொத்தான் தேத்தண்ணி கொடுத்தவற்றில் அப்படிக் குறிப்பிடும்படியாகக் கூடவில்லை. பூ, இலை என்றால் ஒன்றும் செய்யாது என்று நினைப்பவர்கள் இதைத் திரும்ப ஒருமுறை வாசியுங்கள். மருந்தின் அளவைக் கூட்டக்கூடிய பானம் சும்மா தண்ணீர் அல்ல. வலிப்புக்கோ சீனிக்கோ தொடர்ந்து குளிசை எடுப்பவர்கள், சிறுநீரக வருத்தம் உள்ளவர்கள், பிள்ளைத்தாய்ச்சிப் பெண்கள், வைத்தியரிடம் சொல்லாமல் தினமும் இதைக் குடிக்கவேண்டாம். வவுனியாப் பக்கமும் அதற்குத் தெற்கிலும் காரணம் பிடிபடாத சிறுநீரக நோய் எத்தனை வீடுகளைக் குலைத்தது என்று நாங்கள் அறிவோம். மற்றவர்கள் எப்போதாவது ஒரு கோப்பை குடிப்பதில் எனக்கு மறுப்பில்லை. நானும் குடிக்கிறேன். வீதியோரத் தூசு படிந்த பூவையும், களைநாசினி அடித்த வரம்புக்குப் பக்கத்துப் பூவையும் மட்டும் பறிக்காதீர்கள்.

வளவில் வளர்க்க விரும்புகிறவர்களுக்கு: காய் மண்ணிறமாகிச் சரசரக்கும்போது பறித்து விதையை எடுங்கள். விதைத்தோல் கடினம், அப்படியே போட்டால் எப்போது முளைக்கும் என்று அதற்கே தெரியாது. கரடான கல்லில் இலேசாக உரசி, அல்லது சுடுதண்ணீர் ஊற்றி ஓரிரவு ஊறவிட்டுப் போடுங்கள். நாற்று வைத்துப் பிடுங்கி நடுவதை விட ஐப்பசி முதல் மழையோடு நேரே நிலத்தில் ஊன்றுவது நல்லது. ஆணிவேர் ஆழமாகப் போகும், பிடுங்கினால் முறியும். கிறவல் நிலம் போதும். எருப் போட்டுச் செல்லம் கொடுக்கவேண்டாம். தண்ணீர் நிற்கிற இடம் மட்டும் ஆகாது. பூத்து முடிந்ததும் கிளையை வெட்டிவிட்டால் அடர்ந்து வரும். வெட்டின குழை கத்தரிக்கும் மிளகாய்க்கும் அடியில் போகட்டும்.

இந்த இதழின் நடுப்பக்கத்தில், மல்லாவியைச் சுற்றியுள்ள பத்துச் செடிகளின் படங்களைப் பெயரில்லாமல் போட்டிருக்கிறோம். பெயரை நீங்கள்தான் எழுதி அனுப்பவேண்டும், உங்கள் வீட்டில் எப்படிச் சொல்வீர்களோ அப்படியே. புத்தகப் பெயர் வேண்டாம். அடுத்த இதழில் காவிளாயைப் பற்றி எழுத நினைத்திருக்கிறேன். குழை வண்டில் கட்டிய அனுபவம் உள்ள ஐயாமார் யாராவது இருந்தால், ஒரு வண்டிலில் எத்தனை கட்டு ஏற்றினீர்கள், எங்கே வெட்டினீர்கள், என்ன விலைக்குக் கொடுத்தீர்கள் என்று சொல்லுங்கள். எழுதக் கை நடுங்குமென்றால் பேரப்பிள்ளையிடம் சொல்லி எழுதுவியுங்கள். எழுத்துப்பிழை பார்க்க நாங்கள் இருக்கிறோம்.

அன்புடன்,
ஆசிரியர்